பூர்வில்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய பிரெஞ்சுப் படங்களை நண்பர்களுக்குப் போட்டுக் காட்டும் பழக்கம் எனக்கு நெடுநாளாக உண்டு. படம் முடிந்து விளக்கைப் போட்டதும், நெற்றியில் முடி விழுந்த, கூச்சத்தோடு சிரிக்கும் அந்த மனிதரைப் பற்றி ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான் ஒவ்வொரு முறையும் வருகின்றன. திரும்பத் திரும்ப வாயால் சொல்வதைவிட ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடுவது நல்லது என்று தோன்றியதால் இதைத் தொகுத்தேன். கேள்விகளைக் கேட்டவர்களின் வார்த்தைகளிலேயே பெரும்பாலும் விட்டுவிட்டேன்.

1. பூர்வில் என்பவர் யார்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

பூர்வில், 1940களின் நடுப்பகுதியிலிருந்து 1970 வரை பிரான்சின் மேடை, வானொலி, இசைத்தட்டு, திரைப்படம் ஆகிய நான்கிலும் ஒரே நேரத்தில் புகழோடு இருந்த நகைச்சுவை நடிகர், பாடகர். 1917ஆம் ஆண்டு ஜூலை 27ஆம் நாள் நோர்மாந்திப் பகுதியில், ப்ரெத்தோ-விக்மார் என்ற சிற்றூரில் பிறந்தார். 1970ஆம் ஆண்டு செப்டம்பர் 23ஆம் நாள் பாரிஸில், 53 வயதில் இறந்தார். வெளிநாட்டினர் அவரைப் பெரும்பாலும் இன்னொரு நகைச்சுவை நடிகரான லூயி த ஃபுனெஸுடன் சேர்ந்து நடித்த 'லா கிராந்த் வாத்ரூய்' படத்தின் மூலம் அறிந்திருப்பார்கள். ஆனால் அந்தப் படம் வந்தபோது அவருக்கு 49 வயது; அதற்கு முன்பே இருபது ஆண்டுக்கால வாழ்க்கை ஒன்று அவருக்கு இருந்தது. இங்கே வரும் கேள்விகளில் பாதி அதைப் பற்றியவை.

2. பூர்வில் என்பது குடும்பப் பெயரா?

இல்லை, ஊர்ப் பெயர். அவருடைய இயற்பெயர் ஆந்த்ரே ரேம்பூர். தந்தையின் முகம் அறியாமல் வளர்ந்தவர்; தாய் மறுமணம் செய்துகொண்ட விவசாயியின் வீட்டில், பூர்வில் என்ற கிராமத்தில் அவருடைய பிள்ளைப் பருவம் கழிந்தது. மேடைப் பெயர் வைத்துக்கொண்டபோது அந்த ஊரின் பெயரிலிருந்து கடைசி இரண்டு எழுத்துகளை மட்டும் வெட்டினார். பிரெஞ்சில் அந்த எழுத்துகள் போனாலும் ஒலிப்பு மாறாது என்பதால், தமிழில் எழுதும்போது ஊரும் ஆளும் ஒன்றாகவே நிற்பார்கள்.

பெயரை மாற்றிக்கொள்ள ஒரு நடைமுறைக் காரணமும் இருந்தது. அவருடைய உறவினர் லூசியேன் ரேம்பூர் ஏற்கெனவே நடிகராக இருந்தார். சாமுவேல் பெக்கெட்டின் 'கோதோவுக்காகக் காத்திருத்தல்' 1953ஆம் ஆண்டில் பாரிஸில் முதன்முதலாக மேடையேறியபோது விளாதிமிர் வேடம் ஏற்றவர் அவர்தான். ஒரே குடும்பப் பெயரில் இருவர் இருந்தால் குழப்பம் வரும் அல்லவா?

3. அதற்கு முன்னால் வேறு ஏதோ பெயரில் பாடினார் என்கிறார்களே?

ஆம், 'ஆந்த்ரெல்' என்ற பெயரில். அந்தக் காலத்தில் ஃபெர்னாந்தெல் பிரான்சின் மிகப் பெரிய நகைச்சுவைப் பாடக நடிகர். நோர்மாந்தியில் ரொட்டிக் கடை ஒன்றில் தொழில் பழகிக்கொண்டிருந்த இளைஞர் ஆந்த்ரே, ஃபெர்னாந்தெலின் பாடல்களை மனப்பாடம் செய்து பாடித் திரிந்தார்; வானொலிப் பாட்டுப் போட்டிகளிலும் கலந்துகொண்டார். தன் பெயரின் முன்பாதியையும் தன் ஆதர்ச நாயகரின் பெயரின் வாலையும் ஒட்டி 'ஆந்த்ரெல்' ஆனார். ஒரு ரசிகரின் பெயர் அது. பூர்வில் என்று மாறியபோதுதான் நகல் எடுப்பதை விட்டுவிட்டுத் தன் ஊர்க்காரர்களின் பேச்சையும் நடையையும் மேடைக்குக் கொண்டுவந்தார்.

இந்தக் கதைக்கு ஓர் அழகான பின்குறிப்பு உண்டு. 1963ஆம் ஆண்டில் வெளிவந்த 'லா க்விசின் ஓ பேர்' என்ற படத்தில் ஃபெர்னாந்தெலும் பூர்வில்லும் சமமான நாயகர்களாகச் சேர்ந்து நடித்தார்கள். போருக்குப் போன கணவன் பல ஆண்டுகள் கழித்துத் தென்கடற்கரை ஊரான மார்த்திக்குக்குத் திரும்பிவந்து பார்த்தால், இறந்துவிட்டான் என்று நம்பிய மனைவி ஒரு நோர்மாந்திச் சமையற்காரரை மணந்துகொண்டிருக்கிறாள். எண்ணெயில் சமைத்த அவன் கடை இப்போது வெண்ணெயில் சமைக்கிறது. தெற்கத்திய எண்ணெயாக ஃபெர்னாந்தெலும் வடக்கத்திய வெண்ணெயாகப் பூர்வில்லும் மோதுகிறார்கள். படம் சுமாரானதுதான். 'ஆந்த்ரெல்'லின் கதை தெரிந்தவர்களுக்கு மட்டும் கொஞ்சம் கூடுதலாக இனிக்கும்.

4. அவரை இசைக்கலைஞர் என்பது மிகையில்லையா? பாடத் தெரிந்த நடிகர் என்று சொன்னால் போதாதா?

வரிசையைத் தலைகீழாகப் பார்க்கிறீர்கள். அவர் முதலில் வாத்தியக்காரர், பிறகு பாடகர், அதன் பிறகே நடிகர். சிறுவயதிலேயே கோர்னெட் என்ற, ட்ரம்பெட்டைவிடக் குட்டையான பித்தளை ஊதுகருவியையும் அக்கார்டியனையும் வாசிக்கப் பழகினார். 1937ஆம் ஆண்டில் கட்டாயப் படைச்சேவைக்கு அழைப்பு வரும்வரை காத்திராமல் பாரிஸில் இருந்த 24ஆம் காலாட்படைப் பிரிவில் சேர்ந்ததும் அதன் பேண்டு இசைக்குழுவில் வாசிக்கலாம் என்பதற்காகத்தான். படையில் இருந்த காலத்தில் அறிமுகமான அக்கார்டியன் கலைஞர் எத்தியேன் லொரேன், பின்னாளில் அவருடைய முக்கியமான பாடல்களுக்கு இசையமைத்தார். பூர்வில் பாடல் வரிகளையும் எழுதினார்.

இதை இவ்வளவு வலியுறுத்துவதற்குக் காரணம், அவருடைய நடிப்பின் இரகசியமே தாளத்தில் இருப்பதுதான். ஒரு சொல்லை எவ்வளவு நேரம் தொண்டையில் நிறுத்தி வைக்க வேண்டும், எந்த இடத்தில் மூச்சு விட்டால் கூட்டம் சிரிக்கும், எங்கே அரை மாத்திரை பிந்தினால் சிரிப்பு இரட்டிப்பாகும் என்பது ஊதுகருவி வாசித்தவருக்கு உடம்பிலேயே இருக்கும். அடுத்த கேள்வியில் வரும் பாடலைக் கேட்டால் நான் சொல்வது விளங்கும்.

5. 'லே க்ரேயோன்' பாட்டில் அப்படி என்ன சிரிப்பு இருக்கிறது? எனக்குச் சோகக் கதையாகத்தான் பட்டது.

சோகக் கதைதான். தலைப்புக்குப் 'பென்சில்கள்' என்று பொருள். அஞ்சலட்டைகளும் பென்சில்களும் விற்றுப் பிழைக்கும் ஓர் ஏழைப் பெண்ணின் துயரக் கதையைச் சொல்லும் பாட்டு. தெருமுனையில் அழுகையோடு பாடப்படும் துயரப் பாடல்கள் பிரான்சில் ஒரு தனி மரபு. பூர்வில் அந்த மரபைக் கேலி செய்கிறார். ஆனால் பாடுபவன் அதைக் கேலி என்று அறியாதவன்போல் நிற்கிறான். குட்டையான கோட்டு, நெற்றியில் ஒட்டவைத்த முடி, எங்கே வைப்பது என்று தெரியாத கைகள்: ஊர்க் கல்யாண விருந்தில் 'நீ ஒரு பாட்டுப் பாடு' என்று பிடித்துத் தள்ளிவிடப்பட்ட மாப்பிள்ளைத் தோழனைப்போல் இருப்பார். நடுநடுவே பாட்டை நிறுத்தி, தான் பாடியதற்குத் தானே விளக்கம் சொல்கிறார்; தன் விளக்கத்தைக் கேட்டுத் தானே வெட்கப்பட்டுச் சிரிக்கிறார்; பிறகு விட்ட இடத்தைத் தேடிப் பிடித்து மறுபடியும் பாடுகிறார்.

பிரெஞ்சு தெரியாதவர்கள்கூட அந்த இடைவெளிகளில் சிரித்துவிடுவதை நான் பார்த்திருக்கிறேன். மெட்டு முன்னே ஓடிக்கொண்டிருக்க, பாடகன் அதைத் துரத்திக்கொண்டு போகிறான். பிடிக்கமாட்டான் என்று நாம் நினைக்கும் கணத்தில் சரியாகப் பிடித்துவிடுகிறான். தாளம் தப்புவதைப்போல் காட்ட வேண்டுமானால் தாளத்தில் இம்மியும் தப்பாதவராக இருக்க வேண்டும். போர் முடிந்த கையோடு வானொலியில் இந்தப் பாட்டுதான் அவரை நாடறியச் செய்தது. 1945ஆம் ஆண்டில் வந்த 'லா ஃபெர்ம் த்யு பாந்த்யு' படத்தில் சிறிய வேடத்தில் வந்து இதே பாட்டைப் பாடுகிறார். ஆக, திரையுலகுக்குள் அவரை அழைத்துச் சென்றதும் பாட்டுதான்.

6. ஒபெரெட் என்று ஒன்று சொல்கிறீர்கள், அது என்ன? அதில் அவர் என்ன செய்தார்?

ஒபெரெட் என்பது வசனமும் பாட்டும் நடனமும் கலந்த, இலேசான கதையுள்ள மேடை நிகழ்ச்சி. போருக்குப் பிந்தைய பாரிஸில் மக்கள் கூட்டம் கூட்டமாக இதற்குப் போனார்கள். பூர்வில்லின் பெரிய வெற்றி 1952ஆம் ஆண்டு இறுதியில் ஆ.பே.சே. அரங்கில் தொடங்கிய 'லா ரூத் ஃப்ளேரி'. இசை ஃப்ரான்சிஸ் லோப்பெஸ். கதைப்பகுதி ரேமோன் வேன்சி. அழகான குரலுள்ள காதல் நாயகராக ழோர்ழ் கெத்தாரி, துடுக்கான பெண்ணாக அன்னி கோர்தி, இடையில் புகுந்து சிரிக்க வைக்கப் பூர்வில். அது ஆண்டுக்கணக்கில் ஓடியது. 1958ஆம் ஆண்டில் 'பசிஃபிகோ'வில் கெத்தாரியுடனும், 1965ஆம் ஆண்டில் 'உவா! உவா!'வில் அன்னி கோர்தியுடனும் மீண்டும் மேடையேறினார். பகலில் படப்பிடிப்பு, இரவில் மேடை என்ற அந்த உழைப்பை நினைத்தால் இப்போதும் மலைப்பாக இருக்கிறது.

7. குடிக்கு எதிராகப் பேசும் அந்தக் குடிகாரர் உரை, குடிகாரர்களைக் கேலி செய்வதில்லையா?

அந்தக் காட்சியை அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். மது எதிர்ப்புச் சங்கத்தின் பிரதிநிதி ஒருவர் மேடையேறி, 'மது வேண்டாம், இரும்புச்சத்து நீர் வேண்டும்' என்று உரையாற்றுகிறார். உரையாற்றும்போதே அவர் மூக்கு முட்டக் குடித்திருப்பது தெரிகிறது. 'இரும்புச்சத்து' என்பதற்கான பிரெஞ்சுச் சொல் 'ஃபெரூழினேஸ்'. நிதானத்தில் இருப்பவருக்கே நாக்குச் சுழலும். உரையோ அந்தச் சொல்லிடமே திரும்பத் திரும்ப வந்து நிற்கிறது. தூரத்தில் அந்தச் சொல் வருவது அவர் கண்ணுக்குத் தெரிகிறது. பள்ளத்தைக் கண்ட மாட்டு வண்டிக்காரரைப்போல் வேகத்தைக் குறைக்கிறார். இருந்தும் சக்கரம் இறங்கிவிடுகிறது.

என் கருத்தில், கேலி குடிகாரரின் மேல் விழவில்லை, உபதேசத்தின் மேல் விழுகிறது. அந்த மனிதர் தம் கௌரவத்தைக் காப்பாற்றிக்கொள்ளப் படும் பாட்டைப் பார்க்கும்போது நாம் அவர் பக்கமே நிற்கிறோம்.

8. எல்லாப் படத்திலும் வெகுளியாகவே வருகிறாரே, அவருக்கு அது ஒன்றுதான் தெரியுமா?

தொடக்கக் காலப் படங்களை மட்டும் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். 1946ஆம் ஆண்டில் வந்த 'பா சி பெத்' என்ற படத்தின் தலைப்புக்கே 'அவ்வளவு முட்டாள் அல்ல' என்று பொருள்; ஏமாற்ற வந்தவர்களை நகரத்தார் நினைத்த அளவுக்கு முட்டாள் அல்லாத கிராமத்தான் மிஞ்சுவது அக்கால வாய்பாடு. தயாரிப்பாளர்கள் அதே வேடத்தைச் சட்டை மட்டும் மாற்றி மறுபடியும் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். 1950ஆம் ஆண்டில் வந்த 'ல ருவா பாந்தோர்' படத்தில் காவலர் உடையில் அவர் பாடிய 'லா தாக்திக் த்யு ழாந்தார்ம்', காவலர்களின் 'தந்திரங்களை' நீட்டி முழக்கிச் சொல்லும் பாட்டு, இன்றும் பிரெஞ்சுக்காரர்கள் முணுமுணுப்பது. அந்தக் காவலரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், 14ஆம் கேள்வியில் மீண்டும் தேவைப்படுவார்.

அந்த வட்டத்திலிருந்து அவரை வெளியே கொண்டுவந்தது 1956ஆம் ஆண்டுப் படம் ஒன்று. அதற்குத் தனிக் கேள்வியே இருக்கிறது.

9. 'லா த்ராவெர்சே த பரி' படத்தை ஏன் எல்லோரும் அவ்வளவு தூக்கிப் பேசுகிறார்கள்?

ஜெர்மானியர் ஆக்கிரமிப்பில் இருக்கும் பாரிஸ். இரவில் ஊரடங்கு. வேலையிழந்த டாக்சி ஓட்டுநர் மார்த்தேன், கள்ளச் சந்தைக்காகக் கொல்லப்பட்ட பன்றியின் இறைச்சியை நான்கு பெட்டிகளில் அடைத்து, நகரத்தின் ஒரு கோடியிலிருந்து மோன்மார்த்ர் வரை நடந்தே கொண்டுபோக வேண்டும். கூட வருபவன் க்ராங்கில், ஓர் ஓவியன். பணத்துக்காக வந்தவன் அல்லன், மனிதர்கள் எவ்வளவு தூரம் அஞ்சுகிறார்கள் என்று வேடிக்கை பார்க்க வந்தவன். ஓவியராக ழான் கபேன், மார்த்தேனாகப் பூர்வில், பன்றிக்குச் சொந்தக்காரனான மளிகைக்காரனாக லூயி த ஃபுனெஸ். இயக்கியவர் க்ளோத் ஒதான்-லாரா. மூலக்கதையை எழுதிய மார்செல் எமே, இந்த வேடத்துக்குப் பூர்வில் பொருந்தமாட்டார் என்று எதிர்த்தார். படத்தைப் பார்த்த பிறகு தம் எண்ணத்தை மாற்றிக்கொண்டார்.

தொடக்கத்தில் ஒரு காட்சி. நிலவறையில் பன்றியைக் கொல்லப் போகிறார்கள். அதன் அலறல் தெருவுக்குக் கேட்டால் எல்லோரும் தொலைந்தார்கள். அதனால் மார்த்தேன் அக்கார்டியனை எடுத்து உரக்க வாசிக்கிறான். முகத்தில் இசையின் மகிழ்ச்சி சிறிதும் இல்லை. அலறல் ஏறும்போது வாத்தியம் ஏற வேண்டும் என்ற கவலை மட்டுமே இருக்கிறது. 4ஆம் கேள்வியில் சொன்ன வாத்தியக்காரரையும் நடிகரையும் ஒரே சட்டத்துக்குள் பார்க்க விரும்புகிறவர்களுக்கு இந்த ஒரு காட்சி போதும்.

படத்தின் முடிவையும் சொல்லத்தான் வேண்டும். பிடிபட்ட இருவரில் பெயர் பெற்ற ஓவியன் தப்பிவிடுகிறான், ஏழை லாரியில் ஏற்றப்படுகிறான். போர் முடிந்த பின் ஒரு ரயில் நிலையத்தில், வசதியான பயணியாக வரும் க்ராங்கில், தன் பெட்டிகளைத் தூக்கிவந்த சுமைகூலி மார்த்தேன் என்று கண்டுகொள்கிறான். 'இன்னும் பெட்டிதான் தூக்குகிறாயா?' என்று கேட்கிறான். 'ஆமாம், மற்றவர்களுடையதை' என்கிறான் மார்த்தேன். பூர்வில் அதைப் புகாராகவும் சொல்வதில்லை, நகைச்சுவையாகவும் சொல்வதில்லை. 1956ஆம் ஆண்டு வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான வோல்பிக் கிண்ணம் அவருக்குக் கிடைத்தது. கபேனுடன் நடித்து, விருதைப் பூர்வில் வாங்கிக்கொண்டு போனது அன்றைக்குப் பெரிய செய்தி.

10. விருது வாங்கிய பிறகு சிரிப்புப் படங்களை விட்டுவிட்டாரா?

விடவில்லை. எல்லாவற்றையும் கலந்து செய்தார். 1958ஆம் ஆண்டில் மட்டும் 'லே மிசெராப்ல்' படத்தில் பேராசை பிடித்த விடுதிக்காரன் தெனார்தியேவாகவும், 'ல மிருவார் ஆ தூ ஃபாஸ்' படத்தில் அழகற்ற மனைவி அறுவைச் சிகிச்சையால் அழகியானதும் கொடுமைக்காரனாக மாறும் கணவனாகவும் நடித்தார். இரண்டாவதைப் பார்த்துவிட்டு, 'இந்த மனுஷனா?' என்று ஒரு நண்பர் பாதியில் எழுந்து போய்விட்டார். அந்த அளவுக்கு வெறுக்கத்தக்கவராக இருப்பார். அடுத்து வந்த 'ல போசூ', 'ல கபித்தான்' ஆகிய வாள்வீச்சுப் படங்களில் ழான் மரேக்குத் துணைவராக வந்து, குழந்தைகளின் அன்பைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்.

1962ஆம் ஆண்டில் வந்த 'தி லாங்கஸ்ட் டே' என்ற அமெரிக்கப் போர்ப்படத்தில், கரையிறங்கும் படையினரை ஷாம்பெயின் பாட்டிலோடு வரவேற்கும் நோர்மாந்தி ஊர்த்தலைவராகச் சில நிமிடங்கள் வருகிறார். அடுத்த ஆண்டு ழான்-பியேர் மொக்கியின் 'அன் த்ரோல் த பருவாசியேன்' படத்தில், வேலை செய்வது குலத்துக்கு இழுக்கு என்பதால் தேவாலய உண்டியல்களில் திருடிக் குடும்பம் நடத்தும் பக்திமானாக வந்தார். மொக்கியுடன் அவர் செய்த விசித்திரப் படங்களை மேலும் பலர் பார்க்க வேண்டும் என்பது என் தனிப்பட்ட ஆசை.

11. த ஃபுனெஸுடன் ஜோடியாக எத்தனை படங்கள் நடித்தார்? ஏராளம் இருக்கும் போலிருக்கிறதே?

இருவரும் சமமான நாயகர்களாக நடித்தவை இரண்டே படங்கள்: 1965ஆம் ஆண்டின் 'ல கொர்னியோ', 1966ஆம் ஆண்டின் 'லா கிராந்த் வாத்ரூய்'. இரண்டையும் இயக்கியவர் ழெரார் ஊரி. தொலைக்காட்சியில் இவை ஓயாமல் ஒளிபரப்பாவதால் இருபது படங்கள் போல ஒரு பிரமை ஏற்பட்டுவிட்டது. அதற்கு முன்பும் அவர்கள் ஒரே படத்தில் தோன்றியிருக்கிறார்கள். 1954ஆம் ஆண்டின் 'புவாசோன் தவ்ரில்' ஓர் எடுத்துக்காட்டு, 9ஆம் கேள்வியில் சொன்ன படம் மற்றொன்று. ஆனால் அப்போது பூர்வில் நாயகர், த ஃபுனெஸ் துணை நடிகர். 1964க்குப் பிறகுதான் த ஃபுனெஸின் நட்சத்திரம் ஏறியது.

அவர்களுடைய பொருத்தத்தை இசைச் சொற்களில் விளக்குவதுதான் எனக்கு எளிது. த ஃபுனெஸ் துரித காலம்: கை, கண், மூக்கு எல்லாம் ஒரே நேரத்தில் பேசும். பூர்வில் விளம்ப காலம். ஒருவர் கொதிக்கக் கொதிக்க மற்றவர் இன்னும் நிதானமாகிறார். அந்த நிதானத்தைக் கண்டு முதலாமவர் மேலும் கொதிக்கிறார்.

12. 'ல கொர்னியோ' தொடக்கத்தில் கார் துண்டு துண்டாகச் சிதறுவது நிஜமா, தந்திரக் காட்சியா?

நிஜமான கார், ஏற்பாடு செய்யப்பட்ட சிதறல். விடுமுறைக்காக இத்தாலிக்குக் கிளம்பும் அப்பாவி அந்துவான் மரெஷாலின் சிட்ரோயன் 2சிவி காரை, பாரிஸின் பாந்தெயோன் கட்டடத்துக்கு அருகில் ஒரு திருப்பத்தில், கடத்தல்காரன் சரோயானின் பென்ட்லி கார் வந்து மோதுகிறது. சிறிய காரை முன்கூட்டியே துண்டுகளாக அறுத்து, ஒரே நேரத்தில் வெடித்து விடுபடக்கூடிய போல்ட்டுகளால் பிணைத்து வைத்திருந்தார்கள். மோதல் நிகழ்ந்ததும் கதவு ஒரு பக்கம், சக்கரம் ஒரு பக்கம் எனப் பறக்க, பூர்வில் ஸ்டியரிங் வளையத்தைக் கையில் பிடித்தபடி நடுத்தெருவில் உட்கார்ந்திருக்கிறார்.

கத்த வேண்டிய இடம் அது. அவரோ சுற்றிலும் கிடக்கும் இரும்பைப் பார்த்துவிட்டு, 'இனிமேல் இது அவ்வளவு நன்றாக ஓடாது, என்ன செய்வது' என்ற பொருள்பட ஒரு வரி சொல்கிறார். எதிரில் நிற்கும் த ஃபுனெஸின் வாய் அடைத்துவிடுகிறது. பிறகு நஷ்டஈடு என்ற பெயரில், போதைப்பொருளும் தங்கமும் ஒரு பெரிய வைரமும் மறைத்து வைக்கப்பட்ட காடிலாக் காரை நேப்பிள்ஸிலிருந்து போர்தோ வரை ஓட்டிவர அவரை அனுப்புகிறான் சரோயான். மற்றது படத்தில்.

13. 'லா கிராந்த் வாத்ரூய்' இன்னும் பிரான்சின் அதிகம் பார்க்கப்பட்ட படம்தானா?

இல்லை, ஆனால் பிரெஞ்சுப் படங்களுக்குள் நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அப்படி இருந்தது. 1966ஆம் ஆண்டு டிசம்பரில் வெளியாகி, பிரான்சின் திரையரங்குகளில் 1 கோடியே 72 இலட்சத்துக்கும் அதிகமான நுழைவுச் சீட்டுகள் விற்றன. எல்லா நாட்டுப் படங்களையும் சேர்த்த கணக்கில் 1998ஆம் ஆண்டில் 'டைட்டானிக்' அதை முந்தியது. பிரெஞ்சுப் படங்களுக்குள் 2008ஆம் ஆண்டில் 'பியேன்வெனு ஷே லே ஷ்தி' முந்தியது. பிரான்சில் இப்படிப்பட்ட கணக்குகளை வசூல் தொகையில் சொல்லாமல் சீட்டு எண்ணிக்கையில் சொல்வார்கள் என்பதால், பழைய படங்களையும் புதிய படங்களையும் ஒப்பிட முடிகிறது.

இந்தப் படத்திலும் இசை இருக்கிறது, ஆனால் இம்முறை இசைக்கலைஞர் வேடம் த ஃபுனெஸுக்கு: அவர் பாரிஸ் ஒபெராவின் இசைக்குழு நடத்துநர், பூர்வில் வீடுகளுக்கு வண்ணம் அடிப்பவர். பாரிஸ் பள்ளிவாசலை ஒட்டிய நீராவிக் குளியலறையில், 'டீ ஃபார் டூ' மெட்டை முணுமுணுத்து, பெரிய மீசை வைத்த ஆங்கிலேய விமானியைத் தேட வேண்டும் என்பது ஏற்பாடு. இருவரும் முணுமுணுக்கிறார்கள், ஒருவரை ஒருவர் ஆங்கிலேயர் என்று நினைத்துக்கொண்டு, உடைந்த ஆங்கிலத்தில் நெடுநேரம் திண்டாடிய பிறகு, 'அப்படியானால் நீங்களும் பிரெஞ்சுக்காரரா?' என்று பாதி ஆங்கிலம் பாதி பிரெஞ்சாக வரும் வரி பிரான்சில் பழமொழி அளவுக்குப் புழங்குகிறது.

14. 'ல செர்க்ல் ரூழ்' படத்தில் வருபவர் அவர்தானா? பெயர்ப் பட்டியலில் வேறு மாதிரி இருக்கிறதே?

அவரேதான். பெயர்ப் பட்டியலில் 'ஆந்த்ரே பூர்வில்' என்று இருக்கும். வழக்கமாக ஒற்றைப் பெயரில் தோன்றியவரின் இயற்பெயரை இயக்குநர் ழான்-பியேர் மெல்வில் முன்னால் சேர்த்தது, சிரிக்கத் தயாராக வந்த பார்வையாளரை நிமிர்ந்து உட்கார வைக்கத்தான் என்று நான் எடுத்துக்கொள்கிறேன். அலேன் தெலோன், ஈவ் மோந்தான், ஜான் மரியா வொலொந்தே ஆகியோர் குற்றவாளிகள் பக்கம் நிற்க, அவர்களை விடாமல் துரத்தும் காவல் அதிகாரி மத்தேயியாகப் பூர்வில். 8ஆம் கேள்வியில் பாடிய காவலரையும் இவரையும் அடுத்தடுத்துப் பாருங்கள். வேலை முடிந்து தனியாக வீட்டுக்கு வருகிறார், பூனைகளிடம் பேசுகிறார், அவற்றுக்கு உணவு வைக்கிறார். அவ்வளவுதான். அந்த மனிதருக்கு உலகத்தில் வேறு யாரும் இல்லை என்பது யாரும் சொல்லாமலே நமக்குத் தெரிந்துவிடுகிறது.

அப்போது அவர் எலும்பு மச்சையைத் தாக்கும் ஒரு புற்றுநோயோடு சில ஆண்டுகளாகப் போராடிக்கொண்டிருந்தார். அந்த நிலையிலேயே அதே 1970ஆம் ஆண்டில் மார்செல் காமுயின் 'ல ம்யூர் த லத்லாந்திக்' படத்திலும் நடித்தார். நடிகை ழாக்லீன் மையானுடன் சேர்ந்து, காதல் முனகல்களால் அன்று பெரும் சர்ச்சைக்கு உள்ளான கேன்ஸ்பூரின் பாடலைக் கிழத் தம்பதியர் பாடுவதுபோல் கேலி செய்து இசைத்தட்டும் வெளியிட்டார். இரண்டு படங்களும் அவர் இறந்த மறுமாதம், அக்டோபரில் வெளிவந்தன.

15. 'லா தாந்த்ரெஸ்' 2020இல் எல்லோரும் பாடிய பாட்டு அல்லவா? அது எப்படிப் பூர்வில் பாட்டாகும்?

1963ஆம் ஆண்டில் பூர்வில் பாடிப் பதிவான பாடல் அது. சொற்கள் நோயெல் ரூ, இசை யுபேர் ஜிரோ. பணமில்லாமல் வாழலாம், புகழில்லாமல் வாழலாம், கனிவில்லாமல் வாழ முடியாது என்று செல்லும் பாட்டு. 2020ஆம் ஆண்டின் ஊரடங்கில் பிரெஞ்சு இசைக்கலைஞர்கள் சிலர் அவரவர் வீட்டிலிருந்தே பாடி இணைத்த காணொளி பரவியபோது, பல இளைஞர்கள் அதைப் புதுப்பாட்டு என்றே நினைத்தார்கள். பூர்வில் பாடியதைக் கேட்டால் வேறுபாடு தெரியும்: குரலை எங்கும் உயர்த்தமாட்டார், உருக வைக்க முயலமாட்டார். 5ஆம் கேள்வியின் பாட்டில் சிரிப்புக்காகப் பயன்பட்ட அதே தயக்கம் இங்கே வேறு வேலை செய்கிறது.

இதற்குத் துணையாக 1961ஆம் ஆண்டின் 'சேத்தே பியேன்' பாடலையும் கேளுங்கள். போர் முடிந்த சமயத்தில் ஏதோ ஒரு சிறிய நடன அரங்கில் ஆடிய காதலர்களைப் பற்றியது. அந்த அரங்கின் பெயர் மட்டும் பாடுபவருக்கு நினைவுக்கு வருவதே இல்லை. நடன அமைப்பாளர் ஃபிலிப் தெகுஃப்லே 1993ஆம் ஆண்டில் இந்தப் பாட்டுக்கு, ஒரு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து கைகளாலேயே ஆடும் குறும்படம் ஒன்றை எடுத்தார்.

16. 'லா ஃபோலி தே கிராந்தேர்' பூர்வில்லுக்காக எழுதப்பட்டது என்பது வதந்தியா?

வதந்தி இல்லை. 11ஆம் கேள்வியில் சொன்ன இரண்டு படங்களுக்குப் பிறகு, ஊரி அதே இருவரையும் மூன்றாம் முறை சேர்க்கத் திட்டமிட்டார்: பதினேழாம் நூற்றாண்டு ஸ்பெயினில் பேராசை பிடித்த அமைச்சராக த ஃபுனெஸ், அவருடைய வேலைக்காரர் ப்ளாஸாகப் பூர்வில். பூர்வில் இறந்ததும் திட்டமே நின்றுபோகும் நிலை. நடிகை சிமோன் சிஞோரே தம் கணவர் ஈவ் மோந்தானின் பெயரைச் சொன்னார். 14ஆம் கேள்வியின் படத்தில் பூர்வில் துரத்திய குற்றவாளிகளில் ஒருவர் அவர், பூர்வில்லைப்போலவே பாட்டு மேடையிலிருந்து திரைக்கு வந்தவர்.

ஊரி வேடத்தை மாற்றி எழுதினார். 1971ஆம் ஆண்டில் வந்த படத்தில் ப்ளாஸ், எசமானின் உதையை வாங்கிக்கொண்டு வெகுளியாக நிற்பவன் அல்லன், எசமானைவிடக் கெட்டிக்காரன். படம் நன்றாகவே இருக்கிறது. ஆனால் காலையில் எசமானை எழுப்பக் காசு மூட்டையைக் குலுக்கி அவன் பாடும் இடம் வரும்போதெல்லாம், அதே வரிகளைப் பூர்வில் எந்த இடத்தில் நிறுத்தியிருப்பார் என்று என் காது தானாகக் கணக்குப் போடத் தொடங்கிவிடுகிறது.